பெயரைப் படித்த கணத்தில்



நிறவெறி என்றவுடன் முகமூடியணிந்த கூ கிளக்ஸ் கிளான் கூட்டமும் எரியும் சிலுவையும் நினைவுக்கு வருகின்றன. அவர்களை அடையாளம் காண்பது எளிது. தன் மனதில் வெறுப்பே இல்லை என்று உண்மையாகவே நம்புகிறவரிடம் ஒளிந்திருப்பதை எப்படிக் காண்பது? அவரைக் கேட்டுப் பயனில்லை, அவருக்கே தெரியாது.

தமிழ்நாட்டில் பிறந்த செந்தில் முல்லைநாதனும் மரியான் பெர்ட்ரண்டும் அமெரிக்காவில் வேறு வழியில் தேடினார்கள். பாஸ்டன், சிகாகோ நகரங்களின் வேலை விளம்பரங்களுக்கு ஏறத்தாழ 5,000 கற்பனை விண்ணப்பங்களை அனுப்பினார்கள். சிலவற்றில் எமிலி, கிரெக் போன்ற வெள்ளையர் பெயர்கள். சிலவற்றில் லகீஷா, ஜமால் போன்ற கறுப்பர் பெயர்கள். 2004இல் முடிவு வெளியானது. வெள்ளையர் பெயருக்கு 10 விண்ணப்பத்துக்கு ஓர் அழைப்பு. கறுப்பர் பெயருக்கு 15 விண்ணப்பத்துக்கு ஒன்று. தகுதியைக் கூட்டியபோது வெள்ளையருக்கு அழைப்புகள் கூடின. கறுப்பருக்கு அந்த அளவு கூடவில்லை. ‘நன்றாகப் படி, எல்லாம் மாறும்’ என்னும் அறிவுரை முறிகிற இடம் இது. ‘சம வாய்ப்பு அளிக்கிறோம்’ என்று அறிவித்த நிறுவனங்களும் அதே அளவு பாகுபாடு காட்டின.

விண்ணப்பங்களைப் புரட்டியவர்கள் எல்லோரும் வெறியர்கள் என நான் கருதவில்லை. ‘சரிப்பட்டு வராது என்று தோன்றியது’ என்றே பலரும் சொல்லியிருப்பார்கள். ஆராய வேண்டியது அந்தத் ‘தோன்றியது’தான்.

இந்தியாவில் சுகதேவ் தோரட், பால் அட்டவெல் 2007இல் வெளியிட்ட ஆய்வில், சம தகுதியிருந்தும் தலித் பெயருக்கு அழைப்பு வாய்ப்பு ஆதிக்கசாதிப் பெயரைப்போல் மூன்றில் இரண்டு பங்கே. முஸ்லிம் பெயருக்கு மூன்றில் ஒரு பங்கு. நாம் சாதிப் பட்டத்தை உதறியவர்கள் என்று பெருமைப்படலாம். இங்கே அந்த வேலையை ‘சொந்த ஊர் எது, ஊரில் எந்தத் தெரு?’ என்ற கேள்வி செய்துவிடுகிறது.

ஒடுக்கப்பட்டோர் இதற்கு விலக்கா? 1940களில் கென்னத் கிளார்க், மேமி கிளார்க் இணையர் கறுப்பினக் குழந்தைகளிடம் வெள்ளைப் பொம்மையையும் பழுப்புப் பொம்மையையும் காட்டியபோது, பெரும்பாலோர் வெள்ளையையே நல்ல பொம்மை என்றனர்.

ஆகவே நம்மையும் சேர்த்தே சோதிப்போம். மனச்சாட்சியைக் கேட்டு அல்ல, கணக்கெடுத்து. கடந்த ஐந்து கூட்டங்களில் மேடையில் பேசியவர் யார், நாற்காலி அடுக்கியவர் யார்? பெண்கள் எத்தனை பேர், அருந்ததியத் தோழர்கள் எத்தனை பேர்? சிறுகதைப் போட்டிப் படைப்புகளில் பெயரையும் ஊரையும் மறைத்து நடுவரிடம் தரலாம். ‘கூப்பிட்டோம், அவங்கதான் வரல’ என்று யாரேனும் சொல்வார்கள். கூப்பிட்டது யார், எத்தனை நாள் முன்னால் என்று கேட்டு அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.