நோவா பெட்ரோபொலிஸ்: ஒரு மலையூரும் அதன் நாணயச் சங்கமும்

தென் அமெரிக்கக் கண்டத்தில் ஏறத்தாழப் பாதியளவு பரப்புடைய நாடு பிரேசில். அதன் தென்கோடியில் ரியோ கிராண்டே டோ சுல் என்னும் மாநிலம் உள்ளது. மாநிலத் தலைநகராகிய போர்ட்டோ அலெக்ரியிலிருந்து வடக்கே சுமார் 100 கிலோமீட்டர் மலைவழியே சென்றால் நோவா பெட்ரோபொலிஸ் என்னும் சிறிய நகராட்சியை அடையலாம். அந்நாட்டில் நகராட்சி என்பது நகரை மட்டும் குறிப்பதன்று. சுற்றியுள்ள சிற்றூர்களும் விளைநிலங்களும் அதனுள் அடங்கும். இதன் பரப்பு சுமார் 290 சதுர கிலோமீட்டர். 2022ஆம் ஆண்டுக் குடிமதிப்பின்படி மக்கள் ஏறத்தாழ 23,000 பேர்.

இத்துணைச் சிறிய ஊருக்குக் 'கூட்டுறவின் தேசியத் தலைநகர்' என்னும் பட்டத்தை 2010ஆம் ஆண்டில் பிரேசில் அரசு சட்டத்தின் வாயிலாகவே வழங்கியது. அதன் காரணத்தை அறிவது நம் அங்கத்தினர்க்குப் பயன் தரும்.

நிலமும் குடிகளும்

ஊர் கடல்மட்டத்திற்கு மேல் சுமார் 600 மீட்டர் உயரத்தில் உள்ளது. நிலநடுக்கோட்டிற்குத் தெற்கே இருப்பதால் ஜூன் முதல் ஆகஸ்ட் வரை அங்கே குளிர்காலம். அந்நாட்களில் உறைபனியும் பெய்வதுண்டு. வடவெல்லையில் காயி ஆறு ஓடுகிறது. செங்குத்தான சரிவுகள் நிறைந்த அந்நிலத்தில் பெரும்பண்ணைகள் தோன்றவில்லை. சிறு குடும்ப வேளாண்மையே வேரூன்றியது.

1858ஆம் ஆண்டு செப்டம்பர் 7ஆம் நாள் இங்கே குடியேற்றம் நிறுவப்பெற்றது. அப்போது பிரேசிலை ஆண்ட பேரரசர் இரண்டாம் பெட்ரோவின் பெயரைத் தழுவியே ஊருக்குப் பெயர் அமைந்தது. பொமரேனியா, சாக்சனி, பொகீமியா, ஹூன்ஸ்ரூக் முதலிய பகுதிகளிலிருந்து ஜெர்மன் மொழி பேசும் ஏழைக் குடும்பங்கள் வந்து சேர்ந்தன. காட்டினூடே ஒரு பாதை வெட்டி, அதன் இருமருங்கிலும் நிலத்தைப் பங்கிட்டுக் கொடுப்பது வழக்கம். அத்தகைய பாதைக்கு 'லின்யா', அதாவது 'வரிசை' என்று பெயர். இன்றும் அங்குள்ள சிற்றூர்கள் பல அச்சொல்லாலேயே வழங்கப்படுகின்றன.

பணம் சென்ற வழி

காட்டைத் திருத்திய குடியானவர்க்கு விளைச்சல் கிடைத்தது. ஆனால் வங்கி இல்லை. ஊர்க் கடைக்காரரே விளைபொருளை வாங்கினார், உப்பும் துணியும் கருவிகளும் விற்றார், மிச்சப்பணத்தைத் தம்மிடமே வைத்துக்கொண்டார், கடனும் கொடுத்தார். வாங்குபவரும் விற்பவரும் பணம் காப்பவரும் ஒருவரே ஆனால் விலையை நிர்ணயிப்பவர் யார் என்று சொல்ல வேண்டுவதில்லை. ஊரார் சிறுகச் சிறுகச் சேர்த்த பொருள், அவ்வூரின் அடுத்த விதைப்புக்கு உதவாமல் வெளியே சென்றுகொண்டிருந்தது.

இந்நிலையைக் கூர்ந்து கண்டவர் தியோடர் ஆம்ஸ்டாட் என்னும் ஏசுசபைப் பாதிரியார். 1851ஆம் ஆண்டில் சுவிட்சர்லாந்தில் பிறந்த இவர், 1885இல் பிரேசிலுக்கு வந்தார். கோவேறு கழுதை மீதேறி மலைக்குடியிருப்புகள்தோறும் சென்று வந்தமையால் குடியானவர் வாழ்வின் வரவு செலவுகளை நன்கு அறிந்திருந்தார். வழியை அடைத்துக் கிடக்கும் பெரும்பாறையை இருபது பேர் தனித்தனியே தள்ளினால் அசையாது, ஒருசேரத் தள்ளினால் வழி பிறக்கும் என்பது அவர் மக்களுக்குக் கூறிய உவமை.

1902ஆம் ஆண்டு டிசம்பர் 28ஆம் நாள், இந்நகராட்சியைச் சேர்ந்த லின்யா இம்பீரியல் என்னும் சிற்றூரில், அவர் தூண்டுதலால் சேமிப்பு கடன் சங்கம் ஒன்று தோன்றியது. இலத்தீன் அமெரிக்காவின் முதற் கடன் கூட்டுறவுச் சங்கம் என்று இதனைப் போற்றுகின்றனர்.

ரெய்பைசன் முறை

சங்கத்திற்கு முன்மாதிரி, ஜெர்மனியில் ரெய்பைசன் (1818-1888) வகுத்த முறையாகும். ஒருவரையொருவர் அறியத்தக்க சிறு எல்லைக்குள்ளேயே சங்கம் இயங்க வேண்டும். அங்கத்தினரின் நாணயமே முதன்மையான ஈடு. நிர்வாகிகள் ஊதியமின்றி உழைக்க வேண்டும். இலாபம் பங்கிடப்படாமல் பொதுச் சேமநிதியாகத் திரள வேண்டும். இவையே அதன் அடிப்படைகள்.

அதே ஊற்றிலிருந்து நம் நாட்டிற்கும் நீர் பாய்ந்தது. சென்னை மாகாணத்தில் பிரடெரிக் நிக்கல்சன் 1895, 1897ஆம் ஆண்டுகளில் அளித்த அறிக்கை ரெய்பைசன் முறையையே வற்புறுத்தியது. 1904ஆம் ஆண்டில் கூட்டுறவு நாணயச் சங்கச் சட்டம் பிறந்தது; அவ்வாண்டிலேயே அன்றைய செங்கற்பட்டு மாவட்டத்துத் திரூரில் சங்கம் பதிவாயிற்று. கடலால் பிரிந்த இரு நாடுகளில் ஒரே வித்து இரண்டாண்டு இடைவெளியில் முளைத்தது.

சோதனைக் காலம்

நோவா பெட்ரோபொலிஸ் மக்கள் கடந்துவந்த வழி எளிதன்று. 1930ஆம் ஆண்டுகளின் பிற்பகுதியில் வர்காஸ் ஆட்சி பள்ளிகளில் ஜெர்மன் மொழியைத் தடை செய்தது. 1942இல் பிரேசில் போரில் இறங்கிய பின் கெடுபிடி மேலும் கடுமையாயிற்று. 1954இல் ஊர் தனி நகராட்சித் தகுதி பெற்றது. 1964ஆம் ஆண்டின் வங்கிச் சட்டத்திற்குப் பின், கடன் சங்கங்கள் கடுங்கட்டுப்பாடுகளுக்கு உள்ளாயின. மாநிலத்துச் சங்கங்களிற் பல மூடப்பட்டன.

1980ஆம் ஆண்டில் எஞ்சியிருந்த ஒன்பது சங்கங்கள் கூடி மத்திய சங்கம் ஒன்றை அமைத்தன. அவற்றுள் லின்யா இம்பீரியலில் பிறந்த சங்கமும் ஒன்று. அவ்விணைப்பே சிக்ரெடி என்னும் பெரும் அமைப்பாக வளர்ந்து, 1995இல் தனக்கென ஒரு கூட்டுறவு வங்கியையும் நிறுவியது. முதற் சங்கம் சிக்ரெடி பயனெய்ரா என்ற பெயரில் இன்றும் இயங்குகிறது.

ஊரில் 1967ஆம் ஆண்டில் தோன்றிய பியா என்னும் பால் உற்பத்தியாளர் சங்கம் பெரிதாக வளர்ந்து, பின்னர் கடும் நிதி நெருக்கடியையும் சந்தித்தது. கூட்டுறவு என்ற பெயர் மட்டும் எந்தச் சங்கத்தையும் காப்பதில்லை என்பதை இதனால் அறியலாம்.

இன்று பின்னலாடைத் தொழிலும் சுற்றுலாவும் வேளாண்மையும் ஊரின் வாழ்வாதாரங்கள். அர்ஜென்டினாவின் சுஞ்சாலெஸ் நகர வழியைப் பின்பற்றிப் பள்ளி மாணவரும் கூட்டுறவுச் சங்கங்கள் நடத்திப் பழகுகின்றனர்.

செல்வர் எவரும் இவ்வூரைத் தத்தெடுக்கவில்லை. ஊரார் சேமிப்பு ஊராருக்கே கடனாகத் திரும்பியது. வாங்கியவர் தவணை தவறாமல் கட்டியதனால் அடுத்தவருக்குக் கிடைத்தது. நம் சங்கத்துத் தறிக்கடனும் பயிர்க்கடனும் இவ்வாறே சுழல வேண்டியவை. தவணை கட்டும் நாளில் நாம் அடைப்பது நம் கடனை மட்டுமன்று; அண்டை வீட்டாரின் அடுத்த பாவுக்கும் அடுத்த விதைக்கும் வழி திறக்கிறோம்.