குழாயின் விட்டமும் நீரின் அழுத்தமும்

மார்க்கையன்கோட்டைப் பகுதியில் அங்கத்தினர் ஒருவரின் தோட்டத்தைப் பார்வையிட்டோம். ஆற்றோரக் கிணற்றிலிருந்து 300 மீட்டர் தொலைவிலுள்ள வாழைக்கு, 75 மில்லிமீட்டர் உள்விட்டமுள்ள பி.வி.சி. குழாய் பதித்திருந்தார். நீர் போதாமையால் பெரிய மோட்டாருக்குக் கடன் மனு கொடுத்திருந்தார். குறையோ மோட்டாரில் இல்லை, குழாயில் இருந்தது.

குழாயின் உட்சுவரில் நீர் உராய்வதால் அழுத்தம் குறைகிறது. வினாடிக்கு 10 லிட்டர் செல்ல வேண்டுமாயின், அத்தூரத்தில் உண்டாகும் இழப்பு 100 மில்லிமீட்டர் குழாயில் சுமார் 5 மீட்டர் உயரத்துக்குச் சமம். 75 மில்லிமீட்டர் குழாயிலோ ஏறத்தாழ 20 மீட்டர். விட்டம் கால் பங்கு குறைய, இழப்பு நான்கு மடங்காகிறது! மோட்டாரைப் பெரிதாக்கினால் அதன் சக்தி உராய்வுக்கே இரையாகும். மின்கட்டணம் இல்லையே என்பர் சிலர். கடனுக்கு வட்டி உண்டன்றோ?

குழாய் தாங்கவேண்டிய அழுத்தம் வேறு கணக்கு. 10 மீட்டர் உயர நீர், சதுர சென்டிமீட்டருக்கு ஏறத்தாழ 1 கிலோ அழுத்தும். லோயர் கேம்ப் மின்நிலையத்திற்குப் பெரியாற்று நீரை மலையிலிருந்து இறக்கும் நான்கு குழாய்களும் எஃகினால் ஆனவை என்பதன் காரணம் இதுவே. நமக்கு, ஏற்றமும் உராய்வும் சேர்ந்து 30 மீட்டருக்குட்பட்டால் 4 கிலோ ரகம் போதும். வால்வை மெல்ல மூடவேண்டும்.

கடையில் சொல்லும் அளவு வெளிவிட்டமாகும். ஆகவே அங்கத்தினர் மனுவைத் திருத்தி, 110 மில்லிமீட்டர் குழாய்க்கே கடன் கேட்டிருக்கிறார்.