தண்ணீரைத் துண்டு போடத் தெரியுமா?

ஒரு கிலோ பீச் பழச் சதையில் 890 கிராம் வெறும் தண்ணீர், தெரியுமா? நாம் காசு கொடுத்து வாங்குவது அவ்வளவும் தண்ணீர்! அதை ஒரு மாவு ஓட்டுக்குள் நிரப்பி, மேலே இன்னொரு மாவால் மூடி, ஓவனில் வைத்து எடுத்து, கடைசியில் கத்தியால் முக்கோணமாக வெட்டித் தட்டில் உட்கார வைக்க வேண்டும். ஒழுகக் கூடாது, சரியக் கூடாது, அடி நமத்துப் போகக் கூடாது. கோடை வந்தால் அமெரிக்க வீடுகளில் மணக்கும் பீச் பை என்ற பலகாரத்தின் சவால் இது ஒன்றுதான். சர்க்கரை, வெண்ணெய், மைதா, எலுமிச்சை எல்லாம் அந்தத் தண்ணீருக்கு வழி பார்க்க வந்தவை.

பழத்தின் தோலைத் தடவிப் பாருங்கள். மெல்லிய சுணை இருக்கிறதே, அது அழகுக்காக இல்லை. உள்ளே இருக்கும் ஈரம் காற்றோடு போய்விடாமல் காப்பதும் பூச்சிகளை அண்ட விடாமல் செய்வதும் அதன் வேலை. இந்தச் சுணை இல்லாத மொழுமொழு பீச்சுக்குத்தான் நெக்டரின் என்று பெயர். பீச்சுக்கும் பிளம்ஸுக்கும் பிறந்த கலப்பு என்று பலர் சத்தியம் செய்வார்கள், நம்பாதீர்கள். ஒரே ஒரு மரபணு மாறிய பீச், அவ்வளவுதான். பீச் மரத்தின் ஒரு கிளை மட்டும் திடீரென்று நெக்டரின் காய்ப்பதும் உண்டு! சார்லஸ் டார்வின் 1868ல் வெளியிட்ட ஒரு நூலில் இப்படிப்பட்ட மரங்களின் கதைகளைத் தேடித் தேடிச் சேர்த்திருக்கிறார். பை செய்கிறவர்களுக்கு இதில் ஒரு லாபம்: நெக்டரின் கிடைத்தால் தோலுரிக்கும் வேலை மிச்சம்.

சரி, இது அமெரிக்கப் பழமா? இல்லவே இல்லை. பாரசீகமா? ஐரோப்பியர்கள் அப்படித்தான் நம்பினார்கள், அதுவும் தப்பு. பீச்சின் பிறந்த வீடு சீனா. யுனான் மாகாணத்தின் குன்மிங் நகரில் சாலை வேலைக்குத் தோண்டிய இடத்தில் கல்லாகிப் போன பீச் கொட்டைகள் கிடைத்தன. அவற்றின் வயது 25 லட்சம் ஆண்டுக்கும் மேல்! இன்றைய மனித இனமே தலைகாட்டாத காலத்தில் பீச் பழுத்துக் கொண்டிருந்திருக்கிறது. நம் பள்ளிப் பாடத்தில் வரும் சீன யாத்ரீகர் யுவான் சுவாங்குக்கும் இதில் பங்கு உண்டு. கனிஷ்கர் காலத்தில் பிணையாக வந்து பஞ்சாபில் தங்கிய சீனர்கள்தான் பீச்சையும் பேரிக்காயையும் இந்தியாவுக்குக் கொண்டு வந்தார்கள் என்று எழுதி வைத்துவிட்டுப் போனவர் அவர்தான்.

அமெரிக்கக் கண்டத்துக்குப் பீச்சைக் கொண்டு போனவர்கள் 16ஆம் நூற்றாண்டு ஸ்பெயின்காரர்கள். அதன் பிறகு நடந்ததுதான் ஆச்சரியம். அங்கிருந்த பூர்வகுடி மக்களுக்குப் பழம் பிடித்துப் போயிற்று. கொட்டை கைமாறிக் கைமாறி உள்நாடு முழுக்கப் பரவியது. ஆங்கிலேயக் குடியேறிகள் போய் இறங்குவதற்குள் பீச் அங்கே குடியேறிவிட்டது! பென்சில்வேனியாவை நிறுவிய வில்லியம் பென் 1683ல் எழுதிய கடிதத்தில், பூர்வகுடிகளின் தோட்டம் எதைப் பார்த்தாலும் பீச் இருக்கிறது என்று வியந்திருக்கிறார். இதே கதைக்கு ஒரு கொடூரமான பக்கமும் உண்டு. அரிசோனாவின் கேன்யன் டி ஷே பள்ளத்தாக்கில் நவஹோ மக்கள் தலைமுறை தலைமுறையாகப் பீச் வளர்த்தார்கள். அவர்களை அங்கிருந்து விரட்டுவதற்காக 1864ல் அமெரிக்க ராணுவம் காய்த்து நின்ற ஆயிரக்கணக்கான பீச் மரங்களை வெட்டிச் சாய்த்தது. ஒரு இனத்தை அடிபணிய வைக்கப் பழமரத்தின் மேல் கோடரி வைத்தார்கள் என்பதை அமெரிக்கச் சமையல் புத்தகங்கள் அவ்வளவாகச் சொல்வதில்லை.

அமெரிக்காவில் பீச் எங்கெல்லாம் நுழைந்தது என்று பாருங்கள். கூடைப்பந்தின் முதல் கூடையே பீச் கூடைதான், தெரியுமா? 1891 டிசம்பரில் மாசசூசெட்ஸின் ஸ்பிரிங்ஃபீல்டில் ஜேம்ஸ் நெய்ஸ்மித் என்ற உடற்பயிற்சி ஆசிரியர், பந்து போட இரண்டு பெட்டி வேண்டும் என்று காவலாளியிடம் கேட்டார். பெட்டி இல்லை. கிடங்கில் பீச் கூடைகள் கிடந்தன. அவற்றைக் கூடத்தின் மாடிக் கைப்பிடியில் ஆணி அடித்து மாட்டினார்கள். அந்தக் கைப்பிடியின் உயரம் 10 அடி. இன்றைக்கும் உலகம் முழுக்கக் கூடைப்பந்து வளையத்தின் உயரம் அதே 10 அடி! கூடையின் அடியில் ஓட்டை இல்லாததால், பந்து விழுந்தால் யாராவது ஏறி எடுத்துத் தர வேண்டியிருந்தது என்பது இன்னும் வேடிக்கை.

பீச் என்றாலே ஜார்ஜியா மாநிலம் என்று பெயர். அங்கே மார்ஷல்வில் என்ற ஊரில் சாமுவேல் ரம்ஃப் என்ற விவசாயி 1870களில் ஒரு மஞ்சள் பீச் ரகத்தை எடுத்து, அதற்குத் தன் மனைவி கிளாரா எல்பர்ட்டாவின் பெயரை வைத்தார். எல்பர்ட்டா பீச் நசுங்காமல் ரயிலில் நியூயார்க் வரை போனது, ஜார்ஜியாவின் புகழும் கூடவே போனது. ஆனால் அமெரிக்காவில் பீச் அதிகம் விளைவது கலிஃபோர்னியாவில்! பக்கத்து மாநிலமான தென் கரோலினாகூட ஜார்ஜியாவை முந்திவிடும். பெயர் மட்டும் ஜார்ஜியாவுக்குப் போகிறதே என்ற கடுப்பைத் தென் கரோலினாக்காரர்கள் வெறும் வாயால் சொல்லவில்லை. காஃப்னி என்ற ஊரில், நெடுஞ்சாலையில் போகிற எல்லோர் கண்ணிலும் படும்படி, 135 அடி உயரத்தில் ஒரு ராட்சத பீச்சை 1981ல் கட்டி நிறுத்திவிட்டார்கள். சிவப்பு, மஞ்சள், இலை எல்லாம் அச்சு அசல். அது ஊரின் குடிநீர்த் தொட்டி. 10 லட்சம் கேலன் கொள்ளும். அந்தப் பீச்சுக்குள்ளும் தண்ணீர்தான்!

பீச் மரத்துக்குக் குளிர் எண்ணத் தெரியும் என்றால் நம்புவீர்களா? குளிர்காலத்தில் ஏறக்குறைய 7 டிகிரிக்குக் கீழே இத்தனை மணி நேரம் கழிந்தால்தான் மொட்டு விடும் என்று ரகத்துக்கு ஒரு கணக்கு உண்டு. பல ரகங்களுக்கு 600, 800 மணி நேரம் வேண்டும். 2023ல் ஜார்ஜியாவில் குளிர்காலம் கதகதப்பாகப் போனது, மார்ச்சில் உறைபனி விழுந்தது. விளைச்சலில் பத்தில் ஒன்பது பங்கு காலி! குளிர் அதிகம் கேட்காத ரகங்களும் இருப்பதால்தான் கொடைக்கானல், நீலகிரிப் பக்கம் கோடையில் பிளம்ஸோடு பீச்சும் கூடையில் வருகிறது. அந்தப் பழம் சிறியது, புளிப்பு தூக்கலாக இருக்கும். பைக்கு அந்தப் புளிப்பு நல்லது என்பது என் கட்சி.

வாங்கும்போது சிவப்பைப் பார்த்து மயங்காதீர்கள். சிவப்பு வெயில் பட்ட அடையாளம், பழுத்த அடையாளம் இல்லை. காம்பைச் சுற்றியுள்ள அடிநிறம் பச்சையிலிருந்து மஞ்சளுக்கு மாறியிருக்கிறதா என்று பாருங்கள். பறித்த பிறகு பீச் மெத்தென்று ஆகும், வாசனை ஏறும், ஆனால் இனிப்பு ஏறாது. மாவுச்சத்தைச் சேமித்து வைத்துப் பிறகு சர்க்கரையாக்கும் வாழைப்பழத்தின் வித்தை அதற்குத் தெரியாது. பழுக்காத பீச்சை ஃபிரிட்ஜில் வைப்பது பெரிய பாவம். 2 முதல் 8 டிகிரி வரையிலான குளிரில் சில நாள் இருந்தால் சதை சாறற்று, சக்கை சக்கையாகிவிடும். வெளியே பழுக்க வைத்து, பழுத்த பிறகு உள்ளே வையுங்கள்.

இப்போது அடுப்படி. ஒன்பது அங்குலத் தட்டுக்கு ஒன்றேகால் கிலோ பழம் வேண்டும். அடியில் கத்தியால் சிலுவைக் கீறல் போட்டு, கொதிநீரில் அரை நிமிடம், உடனே ஐஸ் தண்ணீரில். கீறலின் நுனியைப் பிடித்து இழுத்தால் தோல் சட்டை கழற்றுவதுபோல் வந்துவிடும்! சூட்டில் தோலுக்கும் சதைக்கும் இடையிலுள்ள பெக்டின் இளகிவிடுவதே காரணம். கொட்டையை உடைத்தால் உள்ளே பாதாம் மாதிரியே ஒரு பருப்பு இருக்கும். ஆச்சரியமே இல்லை, பாதாமும் பீச்சும் நெருங்கிய உறவு, இரண்டும் ரோஜாக் குடும்பம். ஆனால் அந்தப் பருப்பைத் தின்றுவிடாதீர்கள். அதிலுள்ள அமிக்டலின் உடலுக்குள் போனால் சயனைடை வெளியிடும்.

பீச்சின் வாசனைக்கு முக்கியக் காரணம் காமா டெக்காலாக்டோன் என்ற வேதிப்பொருள். மிட்டாய், ஐஸ்கிரீம், பானங்களில் சேர்க்க இதைத் தொழிற்சாலையில் எதிலிருந்து எடுக்கிறார்கள், தெரியுமா? விளக்கெண்ணெயிலிருந்து! ஆமாம், குழந்தைகளைப் பிடித்து வைத்துப் புகட்டுவார்களே, அதே விளக்கெண்ணெய். அதிலுள்ள ரிசினோலிக் அமிலத்தை ஒருவகை ஈஸ்ட் தின்று பீச் வாசனையாக மாற்றித் தருகிறது. உலகத்திலேயே ஆமணக்கு அதிகம் விளையும் நாடு இந்தியா. எங்கேயோ ஒரு குழந்தை சப்புக்கொட்டிச் சாப்பிடும் பீச் மிட்டாயில் குஜராத் ஆமணக்கு இருக்கலாம்.

துண்டு போட்ட பழத்தில் 150 கிராம் சர்க்கரையும் ஒரு மேஜைக்கரண்டி எலுமிச்சைச் சாறும் போட்டுக் கிளறி, ஒரு மணி நேரம் விட்டுவிடுங்கள். எலுமிச்சை பழம் கறுக்காமல் காக்கும். சர்க்கரை பழத்துக்குள் இருக்கும் தண்ணீரை வெளியே இழுத்துப் போடும். மூடியைத் திறந்தால் அடியில் ஒரு குளமே நிற்கும்! பலர் அந்தச் சாற்றைப் பயந்துபோய்க் கொட்டிவிடுகிறார்கள். வாசனை முழுக்க அங்கேதான் இருக்கிறது. வடித்தெடுத்து, வாணலியில் பாதியாகச் சுண்டும் வரை கொதிக்க விட்டு, பாகு மாதிரி ஆனதும் பழத்தோடு திரும்பச் சேர்த்துவிடுங்கள். ஓவனுக்குள் பெருகப் போகிற வெள்ளத்தை முன்கூட்டியே வடித்துவிட்டோம்.

மீதித் தண்ணீரைப் பிடித்துக் கட்ட மாவுச்சத்து வேண்டும். சோள மாவு போடலாம். ஆனால் பழப் பைக்கு அமெரிக்கப் பாட்டிகள் பலர் நம்பியது டேப்பியோக்காவை. அது என்ன புதுப் பொருள் என்று தேட வேண்டாம், மரவள்ளிக்கிழங்கு மாவுச்சத்துதான் அது. சேலத்து ஆலைகளில் ஜவ்வரிசியாக உருட்டுகிறார்களே, அதே சரக்கு! ஜவ்வரிசியை மிக்ஸியில் பொடியாக அரைத்து மூன்று மேஜைக்கரண்டி சேர்த்தால் பூரணம் கலங்காமல் கண்ணாடிபோல் பளபளக்கும். பிரேசில் பக்கத்துக் கிழங்கு, சீனத்துப் பழம், அமெரிக்கப் பலகாரம், சேலம் ஆலை. எப்படிச் சேர்ந்திருக்கிறது பாருங்கள்.

மாவு ஓட்டுக்கு வருவோம். 315 கிராம் மைதா, 225 கிராம் வெண்ணெய், ஒரு தேக்கரண்டி உப்பு. வெண்ணெயை ஃபிரிட்ஜிலிருந்து நேராக எடுத்துச் சிறு கட்டிகளாக்கி, விரல் நுனியால் மைதாவில் தேயுங்கள். உள்ளங்கை படக் கூடாது, சூட்டில் உருகிவிடும். சில கட்டி கடுகளவு, சில பட்டாணி அளவு என்று ஏறுமாறாக நிற்கும்போது நிறுத்திவிட வேண்டும். முழுக்கக் கரைத்துவிட்டால் வந்தது வினை! அந்த வெண்ணெய்க் கட்டிகளுக்குள்ளும் நூற்றுக்கு ஏறக்குறைய 16 பங்கு தண்ணீர் ஒளிந்திருக்கிறது. தண்ணீர் ஆவியானால் சுமார் 1,600 மடங்கு விரியும். ஓவன் சூட்டில் கட்டி உருகி, ஆவி கிளம்பி, மாவை அடுக்கடுக்காகத் தூக்கிப் பிரிக்கிறது. பையின் பொரபொரப்பு அங்கே பிறக்கிறது. ஆகவே ஐஸ் தண்ணீரைக் கரண்டி கரண்டியாகத் தெளித்து, மாவு ஒன்று சேர்ந்ததும் கையை எடுத்துவிடுங்கள். சப்பாத்திக்குப் பிசைகிற பழக்கத்தை இங்கே காட்டினால் மைதாவிலுள்ள பசையம் (குளூட்டன்) இறுகி, ஓடு தோலாக இழுக்கும். தேய்த்து விரிக்கும்போது மாவுக்குள் மஞ்சள் மஞ்சளாக வெண்ணெய்க் கோடு தெரிந்தால் ஜெயித்துவிட்டீர்கள்.

2007ல் குக்ஸ் இல்லஸ்ட்ரேட்டட் என்ற அமெரிக்கச் சமையல் இதழ் ஒரு குண்டு போட்டது. ஐஸ் தண்ணீரில் பாதிக்கு வோட்கா ஊற்றுங்கள் என்றது! சாராயச் சத்து பசையத்தை உருவாக்காது, மாவு இளக்கமாகவும் இருக்கும், ஓவனில் ஏறக்குறைய முழுக்கப் பறந்தும் போய்விடும் என்பது கணக்கு. வேலை செய்கிறது என்கிறார்கள். ஆனால் பை மாவுக்காகத்தான் டாஸ்மாக் வரிசையில் நின்றேன் என்று சொன்னால் நம்மூரில் யார் நம்பப் போகிறார்கள்?

மேலே பட்டை பட்டையாக வெட்டிய மாவை ஒன்றின் மேல் ஒன்று, ஒன்றின் கீழ் ஒன்று என்று பின்னுகிறார்களே, அதுவும் வெறும் அலங்காரம் இல்லை. ஆவி வெளியேற ஜன்னல்கள் அவை. முதல் 20 நிமிடம் 220 டிகிரியில் வையுங்கள், பூரணத்தின் ஈரம் இறங்குமுன் அடி மாவு இறுகிவிடும். பிறகு 190 டிகிரிக்கு இறக்கி இன்னும் முக்கால் மணி நேரம். நிறத்தைப் பார்த்து ஏமாறாமல் குமிழியைப் பாருங்கள். முதலில் ஓரத்தில் மெல்லிய குமிழிகள் படபடவென்று வரும். அது போதாது. நடுவில் கொழகொழவென்று பெரிய குமிழி மெதுவாக எழும்பி உடைய வேண்டும். அப்போதுதான் மாவுச்சத்து முழுக்க வெந்து தண்ணீரைப் பிடித்திருக்கிறது என்று அர்த்தம்.

வெளியே எடுத்த பின்தான் பெரிய சோதனை. நான்கு மணி நேரம் தொடக் கூடாது! ஆறும்போதுதான் பூரணம் கெட்டியாகும். சுடச்சுட வெட்டினால் பட்ட பாடெல்லாம் சாறாகத் தட்டில் ஓடிவிடும். அமெரிக்கர்கள் பக்கத்தில் ஒரு உருண்டை வெனிலா ஐஸ்கிரீம் வைக்காமல் சாப்பிட மாட்டார்கள். நீங்கள் முதல் துண்டை வெறுமனே சாப்பிட்டுப் பாருங்கள், ஐஸ்கிரீம் இரண்டாவது துண்டுக்கு.