சிம்ஸ் பொம்மையும் அப்பாவின் கரண்ட் அக்கவுண்டும்

விருத்தாசலத்தில் கொலு பொம்மைப் பட்டறையோ பீங்கான் ஃப்யூஸ் பட்டறையோ நடத்தும் பல வீடுகளில் மடிக்கணினி ஒன்றே ஒன்றுதான் இருக்கும். பகலில் அதில் ஜி.எஸ்.டி. கணக்கு ஓடும். நவராத்திரி ஆர்டருக்கு அட்வான்ஸ் ஏறிவிட்டதா என்று நெட் பேங்கிங்கைத் திறந்து பார்ப்பார்கள். ஒவ்வொரு முறையும் பாஸ்வேர்டு அடிக்கச் சலித்து, பிரவுசர் கேட்டபோது 'சேவ்' கொடுத்திருப்பார்கள். ராத்திரி சாப்பாடு முடிந்ததும் அதே கணினி பிளஸ் டூ படிக்கும் மகளின் கைக்குப் போகும். அவள் திறப்பது 'தி சிம்ஸ் 4'.

இது வீடு கட்டி, குடும்பம் அமைத்து, வேலைக்குப் போய், சண்டை போட்டுச் சமாதானமாகி வாழ்ந்து பார்க்கும் விளையாட்டு. எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் நிறுவனம் 2014 செப்டம்பரில் வெளியிட்டது. 2022 அக்டோபர் 18 முதல் அடிப்படை விளையாட்டு இலவசம் என்பதால், சாதாரண மடிக்கணினி வைத்திருப்பவர்களும் ஆடத் தொடங்கினார்கள். பெற்றோருக்கு முதலில் ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். இது பந்தய ஆட்டம் இல்லை. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் நிறைவேற்றிய ஆன்லைன் விளையாட்டுச் சட்டம் தடை செய்தது பணம் கட்டி ஆடும் ஆட்டங்களைத்தான். சிம்ஸ் ஆடுவது குற்றமில்லை. அதற்கு வெளியிலிருந்து கதாபாத்திரங்களை இறக்கிச் சேர்ப்பதும் குற்றமில்லை. சிக்கல் எந்தக் கோப்பை, எங்கிருந்து, எப்படிச் சேர்க்கிறோம் என்பதில்தான் இருக்கிறது.

பிள்ளைகள் ஏன் இறக்குகிறார்கள்? விளையாட்டோடு வரும் முகங்களில் நம் வீட்டு முகம் இல்லை. கறுத்த நிறங்கள் சாம்பல் பூசினாற்போல் இருக்கின்றன என்று உலகெங்கும் ஆடுபவர்கள் ஆண்டுக்கணக்கில் முறையிட்ட பிறகே, 2020 டிசம்பரில் நூற்றுக்கும் மேற்பட்ட புதிய தோல் நிறங்கள் வந்தன. கொசுவம் ஒழுங்காக விழும் புடவை, மல்லிகைச் சரம், நெற்றியில் பொட்டு எல்லாம் வேண்டுமென்றால் இன்னமும் ரசிகர்கள் செய்து வைத்ததைத்தான் தேட வேண்டும். இந்த ஆசையில் ஒரு தப்பும் இல்லை.

இப்படி இறக்கும் கோப்புகள் மூன்று வகை. முதல் வகை, விளையாட்டுக்குள்ளேயே இருக்கும் 'கேலரி'யிலிருந்து எடுக்கும் குடும்பங்கள். அவற்றில் இருப்பது மூக்கு, கண், உயரம், குணம் பற்றிய விவரம் மட்டுமே, பயமில்லாமல் எடுக்கலாம். இரண்டாவது, வெளியிலிருந்து இறக்கி 'டிரே' ஃபோல்டரில் போடும் குடும்பக் கோப்புகளும், அவர்களின் தலைமுடி, புடவை, நகைக்காக 'மோட்ஸ்' ஃபோல்டரில் போடும் '.பேக்கேஜ்' கோப்புகளும். சி.சி. (கஸ்டம் கன்டென்ட்) என்று பிள்ளைகள் சொல்வது இவற்றைத்தான். இவற்றால் விளையாட்டு திணறலாம், முகம் கோணலாம், சேமித்து வைத்த ஆட்டம் கெடலாம். பணம் போகும் ஆபத்து குறைவு. மூன்றாவது வகை '.டிஎஸ்4ஸ்கிரிப்ட்' என்று முடியும் கோப்பு. இது பைத்தான் மொழியில் எழுதப்பட்ட நிரல். மகள் கணினியில் என்னவெல்லாம் செய்ய முடியுமோ, பெரும்பாலும் அவ்வளவையும் இந்தக் கோப்பாலும் செய்ய முடியும். விளையாட்டின் எல்லைக்குள் இதை அடைத்து வைக்கும் தடுப்புச் சுவர் கிடையாது.

2024 தொடக்கத்தில் நடந்தது இந்த மூன்றாவது வகையில்தான். ரசிகர்கள் ஆண்டுக்கணக்கில் நம்பி இறக்கிவந்த மோட் தி சிம்ஸ், கர்ஸ்ஃபோர்ஜ், தி சிம்ஸ் ரிசோர்ஸ் ஆகிய தளங்களில், தகவல் திருடும் மால்வேர் ஒளித்து வைத்த ஸ்கிரிப்ட் கோப்புகள் ஏற்றப்பட்டன. ஒன்று, பிரபல படைப்பாளி ஒருவரின் பெயரைப் போட்டுக்கொண்ட ஆள்மாறாட்டக் கணக்கிலிருந்து வந்தது. இன்னொன்று, அதற்கென்றே தொடங்கிய புதுக் கணக்கிலிருந்து வந்தது. மற்றொன்று, உண்மையான படைப்பாளியின் கணக்கையே கைப்பற்றி அதன் வழியாக ஏற்றப்பட்டது. பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகள், லாகின் நிலையைக் காட்டும் குக்கிகள், டிஸ்கார்ட், ஸ்டீம், டெலிகிராம் கணக்குகள் என்று கிடைத்ததையெல்லாம் அது அள்ளிப் போனது. அதற்கு முந்தைய ஆண்டு, 2023 ஜூனில், மைன்கிராஃப்ட் ஆடுபவர்களை 'ஃப்ராக்சரைசர்' என்ற மால்வேர் இதே வழியில் தாக்கியிருந்தது. "தெரிஞ்ச சைட்தான்ப்பா" என்ற சமாதானம் இந்த இரண்டு சம்பவங்களுக்குப் பிறகு செல்லாது.

குக்கி திருட்டு பலருக்குப் புரிவதில்லை. பாஸ்வேர்டே தெரியாமல், ஓ.டி.பி.யும் கேட்காமல், ஏற்கெனவே திறந்திருக்கும் மின்னஞ்சலுக்குள் திருடன் நுழைய அந்தச் சின்னக் கோப்பு போதும். மின்னஞ்சல் அவன் கைக்குப் போனால் மற்ற கணக்குகளின் பாஸ்வேர்டை மாற்றும் வழியும் சேர்ந்தே போகிறது. இந்தப் பட்டறைக் குடும்பத்தில் ஜி.எஸ்.டி. லாகினும் வங்கி லாகினும் அதே பிரவுசரில்தானே கிடக்கின்றன?

சி.சி. சேர்ப்பதற்கு முன் செய்ய வேண்டியவை அதிகமில்லை. விண்டோஸ் 11-இல் ஃபோல்டரைத் திறந்து 'வியூ', 'ஷோ', 'ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ்' என்பதை டிக் செய்யுங்கள். விண்டோஸ் வழக்கமாகக் கோப்பின் கடைசி எழுத்துகளை மறைத்துவிடுவதால், '.இஎக்ஸ்இ' என்று முடியும் நிரல்கூடப் புடவைக் கோப்பு போலவே தெரியும். இறக்கிய சிப் (ZIP) கோப்பைப் பிரித்ததும் உள்ளே '.இஎக்ஸ்இ', '.பேட்', '.எம்எஸ்ஐ' இருந்தால் முழுவதையும் அழித்துவிடுங்கள்; ஒரு கதாபாத்திரத்தைச் சேர்க்க இன்ஸ்டாலர் எதுவும் தேவையில்லை. 'ஆன்டிவைரஸை நிறுத்திவிட்டுப் போடு' என்று எழுதியிருந்தாலோ, பாஸ்வேர்டு போட்ட சிப்பாக வந்தாலோ அதையும் அழியுங்கள். புடவை, தலைமுடி என்று சொன்ன தொகுப்பில் ஸ்கிரிப்ட் கோப்பு எதற்கு என்று ஒரு கணம் யோசிக்க வேண்டும். ஸ்கிரிப்ட் தேவையே இல்லாதவர்கள், விளையாட்டின் செட்டிங்கில் கஸ்டம் கன்டென்டை மட்டும் அனுமதித்துவிட்டு 'ஸ்கிரிப்ட் மோட்ஸ்' என்பதை அணைத்தே வைத்திருக்கலாம். தேவைப்படுபவர்களுக்காக 2024 தாக்குதலுக்குப் பிறகு ரசிகர் படைப்பாளி ஒருவர் 'மோட்கார்ட்' என்ற இலவசக் காவல் நிரலைச் செய்து கொடுத்திருக்கிறார். நல்ல முயற்சி. ஆனால் அதை நம்பி எதையும் போடலாம் என்று ஆகிவிடாது. இவை எல்லாவற்றையும்விடப் பயன்தரும் ஏற்பாடு ஒன்று உண்டு: விளையாட்டுக்கு விண்டோஸில் தனிப் பயனர் கணக்கு, அட்மின் அதிகாரம் இல்லாமல். வங்கி பாஸ்வேர்டுகள் அந்தக் கணக்கின் பிரவுசரில் இருக்கவே கூடாது.

போனில் ஆடுபவர்களின் நிலைமை இன்னும் மோசம். போனுக்கான 'தி சிம்ஸ் ஃப்ரீபிளே'யில் வெளிக் கதாபாத்திரங்களைச் சேர்க்கும் வசதியே கிடையாது. ஆகவே 'ஃப்ரீபிளே கேரக்டர் பேக்', 'அன்லிமிடெட் காயின் மோட்' என்று யாராவது ஏ.பி.கே. கோப்பு அனுப்பினால், அது அவர்கள் திறந்து மாற்றிக் கட்டிய செயலி. அது எஸ்.எம்.எஸ். படிக்கவோ 'அக்சஸிபிலிட்டி'க்கோ அனுமதி கேட்டுப் பெற்றுவிட்டால், வங்கி அனுப்பும் ஓ.டி.பி. நேராகத் திருடனிடம் போய்ச் சேரும். டிராஃபிக் அபராதம், கல்யாணப் பத்திரிகை என்ற பெயரில் வாட்ஸ்அப்பில் சுற்றும் ஏ.பி.கே.க்களின் வேலையும் இதேதான்.

உரிமை என்று வரும்போது விருத்தாசலத்துக்காரர்களுக்கு நீட்டி விளக்க வேண்டியதில்லை. ஒரு பட்டறை வாரக்கணக்கில் உழைத்துப் புதுப் பொம்மை ஒன்றை வடித்துச் சந்தைக்கு அனுப்பும். அதில் ஒன்றை வாங்கி, அதன்மேலேயே பிளாஸ்டர் ஊற்றி அச்சு எடுத்து, பாதி விலைக்கு விற்பவர் ஒருவர் வருவார். அந்த வயிற்றெரிச்சல் இந்த ஊருக்குத் தெரியும். ஒருவர் இலவசமாகக் கொடுத்த புடவைக் கோப்பை எடுத்து, 'தமிழ் பேக், 99 ரூபாய்' என்று இன்ஸ்டாகிராமில் ஜி-பே எண் போட்டு விற்பதும் அதுவேதான். எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் 2022-இல் வெளியிட்ட கொள்கைப்படி, இப்படி ரசிகர்கள் செய்யும் மோட்களை விற்கக் கூடாது. நன்கொடை வாங்கலாம், ஆதரவாளர்களுக்குச் சில காலம் முன்கூட்டியே தரலாம், அதன் பிறகு எல்லோருக்கும் இலவசமாகத் திறந்துவிட வேண்டும். ஆகவே விற்பனைக்கு என்று வரும் பேக்கை வாங்காதீர்கள். காசு கட்டி ஏமாந்தவர்கள் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் சொல்லலாம். கட்டண விரிவாக்கத் தொகுப்புகளைத் திருட்டுப் பதிப்பாக ஏற்றிக் கொள்பவர்களுக்கும் ஒரு வார்த்தை: திருட்டு நகல் என்று தெரிந்தே கணினி நிரலைப் பயன்படுத்துவது பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவின் கீழ் குற்றம். ஏழு நாள் முதல் மூன்று ஆண்டு வரை சிறைத் தண்டனை விதிக்கலாம். மால்வேர் அதிகம் ஒளிந்திருப்பதும் அந்தத் திருட்டுப் பதிப்புகளில்தான்.

எனக்கு அதிகக் கவலை தருவது நிஜ மனிதர்களின் முகம். அபிமான நடிகரைப் போல ஒரு கதாபாத்திரம் செய்து வீட்டில் ஆடினால் கேட்பாரில்லை. அந்த முகத்தை வைத்துக் காசு பார்ப்பது வேறு விஷயம். பிரபலத்தின் பெயரையும் உருவத்தையும் அனுமதியின்றி வணிகத்துக்குப் பயன்படுத்த முடியாது என்பதை ரஜினிகாந்த் தொடுத்த வழக்கில் 2015-இலேயே சென்னை உயர் நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. வகுப்புத் தோழியின் முகத்தில் கதாபாத்திரம் செய்து, ஆடை நீக்கும் மோட் போட்டு, ஸ்கிரீன்ஷாட்டை வாட்ஸ்அப் குழுவில் விடுவதை விளையாட்டு என்று யாரும் சொல்ல முடியாது. அந்தப் பெண்ணுக்குப் பதினெட்டு நிரம்பவில்லை என்றால், அப்படிப்பட்ட டிஜிட்டல் உருவத்தைச் செய்வதும் பரப்புவதும் இறக்குவதும் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67பி பிரிவின் கீழ் வரும். முதல் முறைக்கே ஐந்தாண்டு வரை சிறை, பத்து லட்சம் ரூபாய் வரை அபராதம். பாதிக்கப்பட்ட பெண் தன்னைக் குறை சொல்லிக்கொள்ள எந்தக் காரணமும் இல்லை. படம் இருக்கும் தளத்தின் குறைதீர்ப்பு அலுவலருக்கு உடனே புகார் அனுப்பலாம். நிர்வாண, மார்பிங் படங்களை அதிகபட்சம் 24 மணி நேரத்துக்குள் நீக்க வேண்டும் என்று 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளே சொல்லிவிட்டன. குழந்தைகளுக்கான உதவி எண் 1098. பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி கிடைக்கும். அதற்கு 15100-ஐ அழைக்கலாம்.

இனி, தவறான கோப்பு ஒன்று உள்ளே போய்விட்டது என்றே வைத்துக்கொள்வோம். "அப்பா, ஒரு ஃபைல் போட்டேன், அதுக்கப்புறம் கறுப்பு ஜன்னல் ஒண்ணு வந்துட்டுப் போச்சு" என்று மகள் அன்றைக்கே சொல்ல முடிகிற வீட்டில் நஷ்டம் பெரும்பாலும் சின்னதாகவே முடியும். கேம் ஆடியதற்கு அடி விழும் என்று பயந்து அவள் மூன்று நாள் வாயை மூடிக்கொண்டிருந்தால், திருடனுக்கு மூன்று நாள் கிடைக்கிறது. திட்டுவதற்கு முன் வைஃபையை அணையுங்கள். பாஸ்வேர்டுகளை அந்தக் கணினியில் மாற்றாதீர்கள். வேறொரு போனிலிருந்து முதலில் மின்னஞ்சல், அடுத்து வங்கி, பிறகு ஜி.எஸ்.டி. என்று மாற்றி, 'எல்லாச் சாதனங்களிலிருந்தும் வெளியேறு' என்பதை அழுத்துங்கள். அதை அழுத்தினால்தான் திருடுபோன குக்கி செத்துப்போகும்.

பணம் போயிருந்தால் சைபர் குற்ற உதவி எண்ணான 1930-ஐ அழையுங்கள். அதோடு வங்கிக்கும் சொல்லுங்கள். 1930-இல் பதிவாகும் புகார் வங்கிகளுக்குப் போய், பணம் கைமாறிக்கொண்டிருக்கும் கணக்குகளில் அதை நிறுத்தி வைக்க உதவுகிறது. பணம் ஏ.டி.எம்.மில் எடுக்கப்பட்டுவிட்டால் நிறுத்துவதற்கு ஒன்றும் மிஞ்சாது, அதனால்தான் முதல் ஒரு மணி நேரம் முக்கியம். ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6 சுற்றறிக்கையில் வகுத்த விதிகளை வங்கியில் துணிந்து எடுத்துச் சொல்லலாம். தவறு வங்கியிடமும் வாடிக்கையாளரிடமும் இல்லாதபோது, வங்கித் தகவல் வந்து மூன்று வேலை நாளுக்குள் தெரிவித்தால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பு இல்லை. நான்கு முதல் ஏழு வேலை நாளுக்குள் என்றால் சேமிப்புக் கணக்குக்கும் சிறு தொழில்களின் கரண்ட் அக்கவுண்டுக்கும் உச்ச வரம்பு 10,000 ரூபாய். வாடிக்கையாளரின் அஜாக்கிரதை என்று வங்கி சொன்னால், அதை நிரூபிக்க வேண்டிய சுமை வங்கியுடையது. அப்படியே நிரூபித்தாலும், புகார் சொன்ன நேரத்துக்குப் பிறகு போன பணத்துக்கு வங்கிதான் பொறுப்பு. முப்பது நாளில் பதில் வராவிட்டாலோ, வந்த பதில் திருப்தியாக இல்லாவிட்டாலோ ரிசர்வ் வங்கி ஓம்புட்ஸ்மேனிடம் போகலாம்.

கணினியில் வைரஸை நுழைப்பது தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 43-ஆம் பிரிவிலும், நேர்மையற்ற நோக்கத்தோடு அதைச் செய்வது 66-ஆம் பிரிவிலும், பாஸ்வேர்டைத் திருடிப் பயன்படுத்துவது 66சி பிரிவிலும் வரும். கடலூர் மாவட்ட சைபர் கிரைம் காவல் நிலையத்துக்கு நேரில் போகலாம்; சைபர்கிரைம்.கவ்.இன் தளத்திலும் பதியலாம். நேரில் கொடுத்தால் சி.எஸ்.ஆர். ரசீது வாங்காமல் திரும்பாதீர்கள். நஷ்டஈடு கேட்கத் தனி வழி ஒன்று இருப்பது பலருக்குத் தெரியாது. மாநிலத் தகவல் தொழில்நுட்பத் துறைச் செயலர் 46-ஆம் பிரிவின் கீழ் தீர்ப்பு அலுவலராக இருக்கிறார். ஐந்து கோடி ரூபாய் வரையிலான கோரிக்கையை அவர் விசாரிக்கலாம். போலி மின்னஞ்சலில் ஏமாந்து பணம் இழந்த வாடிக்கையாளர் ஒருவருக்கு, ஐசிஐசிஐ வங்கி 12.85 லட்சம் ரூபாய் தர வேண்டும் என்று 2010 ஏப்ரலில் தமிழ்நாட்டின் தீர்ப்பு அலுவலர் உத்தரவிட்டார். பாஸ்வேர்டைக் கொடுத்தது வாடிக்கையாளர்தான் என்ற வங்கியின் வாதம் அங்கே எடுபடவில்லை.

பலர் சறுக்கும் இடம் ஒன்று பாக்கி இருக்கிறது. கணினியைத் தூக்கிக்கொண்டு நேரே சர்வீஸ் கடைக்குப் போய் "ஃபார்மட் அடிச்சுக் குடுங்கண்ணே" என்பார்கள். புகார் பதியும் முன் ஃபார்மட் அடித்தால் மால்வேரோடு சாட்சியமும் போய்விடும். இறக்கிய சிப் கோப்பு, அது இருந்த பக்கத்தின் முகவரி, மோட்ஸ் ஃபோல்டர், வங்கி அனுப்பிய எஸ்.எம்.எஸ்.கள் ஆகியவற்றைப் போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். கணினியை அணைத்து ஓரமாக வைத்து, போலீஸ் சொன்ன பிறகு கடைக்குக் கொண்டு போங்கள். மனு எழுதும்போது எந்தத் தேதியில் எந்த மணிக்குக் கோப்பைப் போட்டது, எத்தனை மணிக்கு முதல் எஸ்.எம்.எஸ். வந்தது, எத்தனை மணிக்கு வங்கிக்கும் 1930-க்கும் சொன்னது, அவர்கள் கொடுத்த புகார் எண் என்ன என்று வரிசையாக எழுதுங்கள். வங்கி பொறுப்பேற்பது எந்த நிமிடத்திலிருந்து என்பதை அந்த மணிக்கணக்குதான் தீர்மானிக்கும்.