‘அவுட்டெண்ட்’ – ஒரு சொல்லாராய்ச்சி

கணிப்பொறியில் தமிழ் தட்டச்சு செய்யப் பழகும் நம் பிள்ளைகள் அடிக்கடி கேட்கும் ஒரு சொல்லைப் பற்றி இந்த மலரில் எழுதலாம் என்று எண்ணினேன். ‘இண்டெண்ட்’ என்றால் பத்தியின் முதல் வரியையோ பத்தி முழுவதையுமோ ஓரத்திலிருந்து சற்று உள்ளே தள்ளி வைப்பது. அப்படித் தள்ளியதைத் திரும்ப ஓரத்துக்குக் கொண்டுவருவது ‘அவுட்டெண்ட்’. இவ்வளவுதானே, இதில் ஆராய்ச்சி என்ன வேண்டிக்கிடக்கிறது என்று கேட்பீர்கள். மூணாறு, மாட்டுப்பட்டிப் பக்கம் எஸ்டேட்டுகளுக்கு மளிகை அனுப்பியே காலத்தைக் கழித்தவன் நான். ‘இண்டெண்ட்’ என்ற சொல்லை ஒரு நாளைக்குப் பத்துத் தடவையாவது சொல்லியிருப்பேன். ஆனால் நான் சொன்ன இண்டெண்ட் வேறு. எஸ்டேட் ஸ்டோரிலிருந்து ‘இத்தனை மூட்டை அரிசி, இத்தனை டின் எண்ணெய் வேண்டும்’ என்று எழுதி வருமே, அந்தச் சீட்டுக்குத்தான் எங்கள் தொழிலில் இண்டெண்ட் என்று பெயர். சரக்குச் சீட்டுக்கும் பத்தியின் ஓரத்துக்கும் ஒரே பெயர் எப்படி வந்தது என்று பார்க்கப்போய்த்தான் இந்தக் கட்டுரை வளர்ந்தது.

மூலம் இலத்தீன். ‘டென்ஸ்’ என்றால் பல். பல் டாக்டரை டென்டிஸ்ட் என்கிறோமே, அதே வேர்தான். இங்கிலாந்தில் முற்காலத்தில் ஒப்பந்தம் எழுதும்போது ஒரே தோலில் மேலும் கீழுமாக இரண்டு படிகள் எழுதி, நடுவில் ரம்பப் பல் மாதிரி வளைத்து வளைத்து வெட்டி, ஆளுக்கு ஒன்றாக எடுத்துக்கொள்வார்கள். பின்னால் வழக்கு வந்தால் இரண்டையும் சேர்த்துப் பார்ப்பார்கள். பல்லோடு பல் பொருந்தினால் பத்திரம் உண்மை, பொருந்தாவிட்டால் போலி. அந்தப் பத்திரத்துக்கு ‘இண்டெஞ்சர்’ என்று பெயர். இரட்டைப் படியாக எழுதும் சரக்குச் சீட்டும் இந்தக் குடும்பத்துச் சொல்தான். வெள்ளைக்காரன் காலத்து இந்தியாவில் அரசு அலுவலகங்களிலும் கம்பெனிகளிலும் சரக்கு கேட்டு எழுதும் சீட்டுக்கு அந்தப் பெயர் நிலைத்துவிட்டது. பத்தியின் முதல் வரி உள்ளே போனால் பக்க ஓரத்தில் பல் விழுந்த மாதிரி ஒரு பள்ளம் தெரிகிறது அல்லவா? அதற்கும் அதே பெயர். (காருக்கு ‘டென்ட்’ விழுந்தது என்கிறார்களே, அது வேறு வேர். அடி என்ற பொருளுள்ள பழைய ஆங்கிலச் சொல்லிலிருந்து வந்தது. ஒர்க்‌ஷாப்பையும் பல் டாக்டரையும் குழப்பிக்கொள்ள வேண்டாம்.)

இந்தச் சொல்லுக்கும் தமிழருக்கும் கசப்பான ஓர் உறவும் உண்டு. 1860 நவம்பர் 16-ஆம் நாள் ‘ட்ரூரோ’ என்ற கப்பல் சென்னையிலிருந்து தென்னாப்பிரிக்காவின் டர்பன் துறைக்குப் போய்ச் சேர்ந்தது. அதில் போனவர்கள் இந்த இண்டெஞ்சர் ஒப்பந்தத்தில் கைநாட்டு வைத்தவர்கள். மொரீசியசுக்கும் பிஜிக்கும் போனவர்களும் அப்படியே. நம் மலைக்கு வந்தவர்கள் அந்த வழியில் வரவில்லை. கங்காணிமார் ஊர் ஊராகப் போய் முன்பணம் கொடுத்து அழைத்து வந்தார்கள். காகிதம் வேறு, கடன் ஒன்றுதான்.

சரி, ‘அவுட்டெண்ட்’டுக்கு வருவோம். இது பழைய சொல் அல்ல. ‘இன்’ என்றால் உள்ளே, ஆகவே எதிர்ச்சொல் ‘அவுட்’ என்று வைத்துப் பின்னால் கட்டிய சொல். நேர்ப்பொருள் பார்த்தால் ‘வெளிப்பல்’ என்றாகும், சிரிப்பு வருகிறது. இதே வேலைக்கு ‘அன்இண்டெண்ட்’, ‘டிடெண்ட்’ என்றும் சொல்கிறார்கள். பல மென்பொருள்களில் ‘டிக்ரீஸ் இண்டெண்ட்’ என்று நீட்டியே எழுதியிருக்கும். கணிப்பொறிக்காரர்கள் ஷிஃப்ட் விசையோடு டேப் விசையை அழுத்தி ஒரு படி வெளியே வருவார்கள். வேர்டில் கன்ட்ரோலும் எம்மும் சேர்ந்தால் ஒரு படி உள்ளே, அவற்றோடு ஷிஃப்டும் சேர்ந்தால் ஒரு படி வெளியே.

சொல் ஒன்று, பொருள் இரண்டு என்பதுதான் இங்கே சிக்கல். முதற்பொருள், உள்ளே போனதை ஓரத்துக்கு மீட்பது. இரண்டாவது பொருள், ஓரத்தையும் தாண்டி இடதுபக்கம் வெளியே நீட்டி வைப்பது. அகராதிகளைப் பாருங்கள். பலவற்றில் தலைச்சொல் மட்டும் வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும், விளக்கம் முழுவதும் உள்ளடங்கிக் கிடக்கும். விரல் வைத்துத் தேடுகிறவனுக்கு அதுதான் வசதி. அதைத் ‘தொங்கும் இண்டெண்ட்’ என்பார்கள். சிலர் அதையே அவுட்டெண்ட் என்கிறார்கள். தமிழாக்கும்போது இரண்டையும் ஒரே சொல்லால் கட்ட முடியாது. ‘உள்தள்ளல்’ என்ற சொல் இண்டெண்டுக்கு ஏறக்குறைய நிலைத்துவிட்டது, நல்ல சொல்தான். அதற்கு எதிராக ‘வெளித்தள்ளல்’ என்று வைத்தால் நீட்டி வைப்பதற்குப் பொருந்தும். ஆனால் ஓரத்துக்கு மீட்பதற்குப் பொருந்தாது, யாரையோ கழுத்தைப் பிடித்துத் தள்ளுவது போல இருக்கிறது. அதற்குக் ‘கரைமீட்பு’ என்று சொல்லலாம் என்பது என் கருத்து. வேட்டிக்குக் கரை உண்டு, ஆற்றுக்குக் கரை உண்டு, பக்கத்துக்கும் இருக்கட்டுமே. பேச்சுவழக்கில் சொல்வதானால் எங்கள் ஊர்ப்பெயரே கைகொடுக்கும். மாட்டை அடைக்கும் இடம் பட்டி. 1963-இல் இந்திய-சுவிஸ் கால்நடைத் திட்டம் தொடங்கியதும் பெயருக்குப் பொருத்தமாக இந்த மாட்டுப்பட்டியில்தான். வரிகளைப் பட்டியில் அடைப்பது உள்தள்ளல், பட்டி திறந்து விடுவது அவுட்டெண்ட். குழந்தைகளுக்கு இப்படிச் சொன்னால் ஒரே தடவையில் புரிகிறது.

நம் பழைய ஏடுகளில் இது எப்படி இருந்தது? இருக்கவே இல்லை. பனையோலையின் அகலம் சில விரற்கடைதான். இடத்தை வீணாக்க முடியுமா? இந்த முனையிலிருந்து அந்த முனைவரை எழுத்தாணி ஓடிக்கொண்டே இருக்கும். கயிறு கோக்கும் துளையைச் சுற்றி மட்டும் கொஞ்சம் வெற்றிடம். சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது, பெரும்பாலும் புள்ளியும் கிடையாது. பாட்டு முடிந்து உரை தொடங்குவதும், உரை முடிந்து அடுத்த பாட்டு தொடங்குவதும் ஒரே ஓட்டம். ஐரோப்பாவிலும் பழைய கையெழுத்துப் படிகளில் இடத்தை மிச்சம் பிடிக்க ஓட்டமாக எழுதி, புதுப்பொருள் தொடங்கும் இடத்தில் சிவப்பு மையில் ஒரு குறி போடுவார்கள். அந்தக் குறிக்கென்று எழுதுபவர் இடம் விட்டு வைப்பார், சிவப்பு மைக்காரர் பின்னால் வந்து போடுவார். அச்சு வந்தபின் குறி போட ஆள் இல்லாமல் வெற்றிடம் மட்டும் மிஞ்சியது, அதுவே பத்தி உள்தள்ளல் ஆனது என்பது அச்சு வரலாற்றில் வழக்கமாகச் சொல்லப்படும் விளக்கம். நம் அச்சகங்களில் அந்த வெற்றிடத்துக்குக் ‘குவாட்’ என்னும் எழுத்தில்லாத ஈயத்துண்டை வைத்துக் கோத்தார்கள்.

குறியும் இல்லை, இடைவெளியும் இல்லை என்றால் நம் முன்னோர் எப்படித்தான் படித்தார்கள்? அங்கேதான் தமிழின் நுட்பம் இருக்கிறது. உரையாசிரியர்கள் ‘என்பது’, ‘என்றவாறு’ என்று முடிப்பார்கள். அச்சில் இவற்றை எ-து, எ-று என்று சுருக்கிப் போட்டிருப்பதைப் பார்த்திருப்பீர்கள். ‘எ-று’ வந்துவிட்டால் விளக்கம் முடிந்தது, திரும்ப ஓரத்துக்கு வந்துவிட்டோம் என்று பொருள். அதாவது நம் மொழியில் உள்ளே போவதற்கு அடையாளம் இல்லை, வெளியே வருவதற்கு உண்டு. பேச்சிலும் அப்படித்தானே? ‘நாளைக்கு வர்றேன்னு சொன்னான்’ என்கிறோம். அவன் பேச்சு எங்கே தொடங்கியது என்று நாம் சொல்வதில்லை, ‘ன்னு’ வந்ததும் அது முடிந்தது தெரிகிறது. ஆங்கிலத்தில் ‘அவன் சொன்னான்’ என்பது பெரும்பாலும் முன்னால் வந்துவிடும். இண்டெண்ட் அவர்கள் சொத்து என்றால், அவுட்டெண்ட் நம் சொத்து என்று வேடிக்கையாகச் சொல்லலாம்.

ஆனால் வேடிக்கையாகவே விட்டுவிட முடியாது, பதிப்பாசிரியர்கள் இதனால் பட்ட பாடு கொஞ்சமல்ல. உ.வே. சாமிநாதையர் 1887-இல் சீவக சிந்தாமணியை நச்சினார்க்கினியர் உரையோடு பதிப்பித்தார். கும்பகோணத்தில் எங்கள் சமணக் குடும்பத்தார் அந்நூலைத் தொடர்ந்து பாடமாகப் படித்து வந்தார்கள், அவர்களிடம் கேட்டும் ஐயர் பொருள் தெளிந்தார். நச்சினார்க்கினியர் உரை நடுவே பிற நூல்களின் அடிகளை மேற்கோளாக எடுத்துக்காட்டுவார். நூற்பெயர் சொல்லமாட்டார், ‘என்றார் பிறரும்’ என்று முடித்துவிடுவார். முடிவு தெரிகிறது, தொடக்கம்? அதைக் கண்டுபிடிக்க அந்த நூல்களையே தேடிப் படிக்க வேண்டியிருந்தது. இன்று அப்பதிப்பைத் திறந்தால் பாட்டு தனியாக, உரை தனியாக, நம் கண்ணுக்கு எளிதாக நிற்கிறது. அந்த ஓரமும் இடைவெளியும் ஓலையில் இல்லாதவை.

கணக்கு எழுதுகிறவர்களுக்கும் இது பழகிய விஷயம். குறிப்பேட்டில் பற்றுக் கணக்கை ஓரத்தில் எழுதுவோம், வரவுக் கணக்கை அடுத்த வரியில் சற்று உள்ளே தள்ளி எழுதுவோம். ‘கொள்முதல் க/கு’ ஓரத்தில், ‘ரொக்கக் க/கு’ உள்ளே. விளக்கக் குறிப்பு திரும்பவும் ஓரத்துக்கு வந்துவிடும். உள்தள்ளாமல் எழுதிய குறிப்பேட்டை எந்த ஆடிட்டரும் முகம் சுளிக்காமல் பார்க்கமாட்டார்.

இனிப் பணம் போன கதை. எனக்குத் தெரிந்த ஒரு வியாபாரி ஒரு வாங்குபவரோடு சரக்கு ஒப்பந்தம் எழுதினார். அரிசி, பருப்பு, எண்ணெய் என்று மூன்று இனங்கள். எண்ணெய்க்குக் கீழே ‘காலி டின் திருப்பினால் கழிவு உண்டு’ என்று உள்தள்ளி ஒரு வரி. அதற்கடுத்து ‘மலையேற்று வண்டிக்கூலி வாங்குபவர் பொறுப்பு’ என்று ஒரு வரி. இது மூன்று இனத்துக்கும் பொதுவாகப் பேசியது, ஓரத்தில் நிற்க வேண்டியது. தட்டச்சில் அதுவும் உள்ளேயே நின்றுவிட்டது. கூலி எண்ணெய்க்கு மட்டும்தான் என்று வாங்குபவர் வாதித்தார். காகிதத்தைப் பார்த்தால் அவர் சொல்வதும் சரியாகத்தான் தெரிந்தது. அந்த வருஷத்து அரிசிக்கும் பருப்புக்கும் வண்டிக்கூலி வியாபாரியின் கைக்காசு.

சட்டம் எழுதுகிறவர்கள் இதை நன்றாக அறிவார்கள். நம் அரசியலமைப்பின் 320-ஆம் உறுப்பு, 3-ஆம் பிரிவைப் பாருங்கள். அரசுப் பணியாளர் தேர்வாணையத்தை எந்தெந்தப் பொருளில் கலந்து கேட்க வேண்டும் என்று ஐந்து உட்பிரிவுகள் உள்ளே தள்ளி வரும். அதன்பின் ‘அவ்வாறு அனுப்பப்படும் பொருள்கள் குறித்து ஆலோசனை சொல்வது ஆணையத்தின் கடமை’ என்னும் கருத்துள்ள வால் ஒன்று ஓரத்துக்குத் திரும்பி நிற்கும். அப்படி நிற்பதால்தான் அது ஐந்துக்கும் பொது என்று கண்ணுக்குத் தெரிகிறது. ஐந்தாவதோடு ஒட்டி உள்ளே நின்றால் ஓய்வூதியம், இழப்பீடு பற்றிய உட்பிரிவுக்கு மட்டுமோ என்று ஐயம் எழும்.

கணிப்பொறி நிரல்களில் இதன் விளைவு இன்னும் பெரிது. 1991-இல் கைடோ வான் ராசம் வெளியிட்ட ‘பைத்தான்’ மொழியில் உள்தள்ளல்தான் இலக்கணம். ஒரு நிபந்தனைக்கு உட்பட்ட வரிகள் உள்ளே இருக்க வேண்டும், நிபந்தனை முடிந்தது என்பதற்கு அடையாளம் வரி வெளியே வருவதுதான். வேறு முற்றுப்புள்ளி கிடையாது. ‘சி’ போன்ற மொழிகளில் அடைப்புக்குறிதான் கணக்கு, உள்தள்ளல் மனிதக் கண்ணுக்காக மட்டும். இதனால் வந்த வினை 2014 பிப்ரவரியில் வெளியே தெரிந்தது. ஆப்பிள் நிறுவனத்தின் ஐபோன், மேக் மென்பொருளில் இணையப் பாதுகாப்பைச் சோதிக்கும் பகுதியில் ‘கோட்டு ஃபெயில்’ என்ற வரி தவறுதலாக இரண்டு தடவை வந்துவிட்டது. இரண்டும் ஒரே அளவு உள்ளே தள்ளி நின்றதால், படிப்பவர் கண்ணுக்கு இரண்டும் மேலே உள்ள நிபந்தனைக்கு உட்பட்டவை போலத் தெரிந்தன. பொறிக்கோ முதல் வரி மட்டும் நிபந்தனைக்கு உட்பட்டது, இரண்டாவது எப்போதும் நடக்கும். அதனால் கையொப்பச் சோதனை நடக்காமலே தாண்டிப் போயிற்று. அது ஓரத்தில் நின்றிருந்தால் யாராவது ஒருவர் கண்ணில் பட்டிருக்கும். பைத்தானில் அதே வரி இரட்டித்திருந்தால் இரண்டும் நிபந்தனைக்கு உள்ளேயே அடங்கி, தீங்கில்லாமல் போயிருக்கும்.

நம்மவர்க்கு இதை ஏன் இவ்வளவு நீட்டிச் சொல்கிறேன் என்றால், வெளிமாநிலத்தில் இருக்கும் நாம் எழுதும் மனுக்கள் பெரும்பாலும் பட்டியலாகத்தான் இருக்கின்றன. கேரளத்தின் 1969-ஆம் ஆண்டு ஆட்சிமொழிச் சட்டம் தமிழ்ச் சிறுபான்மையினர் அரசோடு தமிழில் எழுத்துத் தொடர்பு கொள்ள வழி வைத்திருக்கிறது. பள்ளிக்குத் தமிழாசிரியர் வேண்டும், லயன் வீடுகளுக்குக் கூரை வேண்டும், பேருந்து வேண்டும் என்று எழுதி, ஒவ்வொன்றின் கீழும் இரண்டு மூன்று விவரம் சேர்ப்போம். தட்டுகிற தம்பி இடைவெளிப் பட்டையைத் தட்டித் தட்டி உள்ளே தள்ளியிருப்பார். தமிழெழுத்து ஒன்று ‘ர’ போல ஒல்லி, ஒன்று ‘ணை’ போல அகலம், ஆதலால் வரியின் நடுவில் இடைவெளி தட்டி எதையும் நேராக்க முடியாது. எழுத்துரு மாறினால் எல்லாம் கலைந்துவிடும். வாட்ஸ்அப்பில் ஒட்டினால் பல சமயம் உள்தள்ளல் முழுக்கவே போய்விடும். மூன்று கோரிக்கை பதினொன்றாகப் பெருகி நிற்கும். படிக்கும் அதிகாரி ‘இவ்வளவா?’ என்று தள்ளி வைத்துவிடுவார்.

ஆகவே உள்தள்ள டேப் விசையையோ பத்தி அமைப்பையோ பயன்படுத்துங்கள், மீட்க ஷிஃப்டும் டேப்பும். பெரிய கோரிக்கைக்கு 1, 2 என்றும் உட்கோரிக்கைக்கு அ, ஆ என்றும் குறி போட்டுவிட்டால் ஓரம் கலைந்தாலும் முறை கலையாது. பொதுவான வரி வரும்போது ‘மேற்கண்ட மூன்றுக்கும்’ என்று வாயால் சொல்லிவிடுங்கள். உரையாசிரியர்கள் ‘என்றவாறு’ போட்டது போலத்தான் இதுவும். அந்த வியாபாரி இப்போது தம் ஒப்பந்தங்களில் வண்டிக்கூலி வரியை இனங்களுக்கு மேலே, முதல் வரியாகவே எழுதிவிடுகிறார்.