பதினான்கும் அறுபதும்

தன்னாமுனையில் வாவிக் கரையோரத் தென்னை வளவு ஒன்றுக்கு இரண்டு வீட்டார் உரிமை கோருகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். மட்டக்களப்பு மாவட்ட நீதிமன்றத்தில் வருடக்கணக்காய் இழுபட்ட வழக்கு ஒருநாள் முடிகிறது. தோற்றவர் வாயில் முதலில் வரும் பேச்சு, "அப்பீல் போடுவம்". தாராளமாகப் போடலாம். ஆனால் கையிலுள்ள உறுதி எவ்வளவு பலமாக இருந்தாலும், நீதிமன்றம் முதலில் பார்ப்பது நாட்காட்டியைத்தான்.

1889ஆம் ஆண்டுக் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 754, 755ஆம் பிரிவுகளில் அந்தக் கணக்கு இருக்கிறது. தீர்ப்பளித்த அதே நீதிமன்றத்துக்கு 14 நாட்களுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல் கொடுக்க வேண்டும். எதிர்த்தரப்பின் செலவுக்கான பிணையும், அவர்களுக்குப் பிரதி சேர்ப்பித்த சான்றும் கூடவே போக வேண்டும். பிறகு, தீர்ப்பு நாளிலிருந்து 60 நாட்களுக்குள், காரணங்களை விரித்து எழுதிய மேன்முறையீட்டு மனு.

இடறுவது எண்ணும் முறையில்தான். பதினான்கு நாளில் தீர்ப்பு நாளும், தாக்கல் செய்யும் நாளும், ஞாயிறுகளும், அரச விடுமுறைகளும் சேராது. அறுபதுக்கு அந்தச் சலுகை கிடையாது. மார்ச் 1இல் தீர்ப்பு என்றால் கடைசி நாள் ஏப்ரல் 30. பெரிய வெள்ளி, சித்திரை வருஷப் பிறப்பு, போயா எல்லாம் அதற்குள் அடக்கம். தவறினால் மனுவை வாங்க மறுக்கும்படி சட்டமே சொல்கிறது. ஒரு வழியில் தாராளம், மறு வழியில் கஞ்சத்தனம். சாதாரண மனிதரைக் குழப்புவதற்கு இது போதும்.

யார் கையொப்பமிடுவது என்பதும் சின்ன விஷயமில்லை. வழக்கில் பதிவுசெய்த சட்டத்தரணி இருக்க, வேறொருவர் ஒப்பமிட்ட மனு செல்லாது என்று 1938இலேயே சில்வா எதிர் குமாரணதுங்க வழக்கில் முடிவாயிற்று. சட்டத்தரணியை மாற்ற நினைப்பவர் முதலில் பழையவருக்கு அதிகாரமளித்த பெயர்ப்பத்திரத்தை நீக்க வேண்டும்.

அதைவிடச் சிக்கலானது, வந்தது தீர்ப்பா, கட்டளையா என்ற கேள்வி. கட்டளை என்றால் அறிவித்தல் கொடுக்கும் வழி பொருந்தாது. மேல் நீதிமன்றத்திடம் முதலில் அனுமதி கேட்க வேண்டும். வழி தவறினால் மேன்முறையீடே போய்விடும். எந்தப் பக்கம் தீர்த்திருந்தாலும் வழக்கு அத்தோடு முடிந்திருக்குமா? முடிந்திருக்கும் என்றால்தான் அது தீர்ப்பு என்று 2011இல் ராஜேந்திரன் செட்டியார் எதிர் நாராயணன் செட்டியார் வழக்கில் உயர் நீதிமன்றம் அளவுகோல் வகுத்தது. ஆனாலும் சந்தேகம் ஓயவில்லை. 2017இல் ஏழு நீதியரசர்கள் அமர்ந்து அதையே உறுதிப்படுத்த வேண்டியிருந்தது. சட்டத்தரணிகளே தடுமாறிய இடத்தில் கட்சிக்காரர் தடுமாறுவதைக் குறைசொல்ல முடியாது.

இரக்கமும் கொஞ்சம் உண்டு. எதிர்த்தரப்புக்குப் பெரிய பாதிப்பில்லை என்றால் பிழைகளை மன்னிக்க 759(2)ஆம் பிரிவு இடம் தருகிறது. 1991இல் இப்ராகிம் எதிர் நடராஜா வழக்கில் அவசியமான தரப்பினர் சேர்க்கப்படாதது மேன்முறையீட்டுக்கே உலைவைத்தது. அதே வகைப் பிழையைத் திருத்தலாம் என்று பின்னர் உயர் நீதிமன்றம் தளர்த்தியது.

2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டத்துக்குப் பிறகு இத்தகைய மேன்முறையீடுகள் மாகாண மேல் நீதிமன்றத்துக்கே போகின்றன. எல்லாவற்றுக்கும் கொழும்புக்கு ஓடத் தேவையில்லை.

வழக்காடுபவர்கள் தீர்ப்பு வாசிக்கும் நாளில் நீதிமன்றத்தில் இருங்கள். இரண்டு கடைசி நாட்களையும் சட்டத்தரணியிடம் அன்றே எழுதி வாங்குங்கள். வசதியில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவின் மட்டக்களப்பு நிலையத்தை அந்த வாரமே அணுகுங்கள்.