‘ஜகாட்’ — ஒரு சொல்லும் ஒரு திரைப்படமும்

மலாய் மொழியில் ‘கெட்ட’, ‘தீய’ என்னும் பொருளுடைய சொல் ‘ஜஹாட்’. தமிழில் ஹகர ஒலிக்குத் தனி எழுத்தில்லை. ‘மஹா’ என்பது ‘மகா’ ஆனவாறே, இச்சொல்லும் மலேசியத் தமிழர் நாவில் ‘ஜகாட்’ என்றாயிற்று. குறும்பு செய்யும் சிறுவனைப் பெற்றோர் இச்சொல்லால் கடிவது இந்நாட்டில் இயல்பு. இதனையே படத்திற்குப் பெயராக்கத் துணிந்தவர் இயக்குநர் சஞ்சய் குமார் பெருமாள். படம் 2015 டிசம்பரில் வெளியாயிற்று.

இவருக்கு முன்னரே தீபக் குமாரன் மேனன், இரப்பர்த் தோட்ட வாழ்வைச் ‘செம்மண் சாலை’ (2005) என்னும் படத்திலும், பிரிக்பீல்ட்ஸ் ஏழைக் குடும்பமொன்றின் வாழ்வைச் ‘சலங்கை’ (2007) என்னும் படத்திலும் காட்டினார். தோட்டம் துண்டாடப்பட்டபின் மக்கள் எங்குச் சென்றனர் என்னும் வினாவை ‘ஜகாட்’ எழுப்புகிறது. 1990-களின் தொடக்கத்தில், தோட்டத்தை விட்டுப் புறம்போக்குக் குடியிருப்பில் ஒதுங்கிய குடும்பமொன்றே அதன் களம். அப்போய் பன்னிரண்டு வயதுச் சிறுவன், கற்பனை மிக்கவன். மகன் படித்து உயரவேண்டும் எனத் தந்தை தண்டிக்கிறார். குண்டர் கும்பலில் சேர்ந்த சிற்றப்பனோ அவன் கண்ணுக்கு வீரனாகத் தோன்றுகிறான். நம் சமூகம் மூடி மறைக்க விரும்பிய புண்ணை இயக்குநர் வெளிச்சத்தில் வைத்தார். சிலர்க்கு அது கசந்ததில் வியப்பில்லை.

மற்றொரு வழக்கும் இப்படத்தைச் சூழ்ந்து எழுந்தது. 2016-இல் மலேசியத் திரைப்பட விழாவில் மலாய் மொழிப் படங்கட்கும் பிறமொழிப் படங்கட்கும் பரிசுகள் தனித்தனியே வகுக்கப்பட்டன. இந்நாட்டில், இந்நாட்டார் எடுத்த படம் மொழியால் வேறாகுமோ எனப் பலரும் வினவினர். ஒளிப்பதிவாளர் முகமது நூர் காசிம் எதிர்ப்பைத் தெரிவித்து விழாவினின்றும் விலகினார். முடிவில் தலைமைப் பரிசு எல்லா மொழிக்கும் திறந்துவிடப்பட்டது. சிறந்த மலேசியப் படமாகத் தேர்வு பெற்றது ‘ஜகாட்’. சஞ்சய் குமார் பெருமாள் சிறந்த புதிய இயக்குநரானார்.

தமிழாசிரியர் ஈண்டு ஓர் ஐயம் எழுப்பலாம்: கொச்சை வழக்கும் மலாய்ச் சொல்லும் விரவிய பேச்சு தமிழாகுமா? தொல்காப்பியர் செய்யுட்குரிய சொல் நான்கனுள் திசைச்சொல்லையும் வைத்தார். நன்னூலாரோ பிறமொழி நிலத்துச் சொற்களையும் அதனுள் அடக்கினார். கடல் கடந்த தமிழர் அண்டை வீட்டாரிடம் பெற்ற சொல்லும் அம்மரபின் தொடர்ச்சியே என்க. வகுப்பறையில் செந்தமிழ் கற்பிப்போம். அதற்காக மாணவன் வீட்டுத் தமிழை இழித்தல் வேண்டா.

சொல்லைக் காட்டிலும் அது விழும் இடமே கருதத்தக்கது. நாள்தோறும் ‘ஜகாட்’ என அழைக்கப்படும் சிறுவன், ஒரு நாள் அப்பெயரையே தனக்குரியதென ஏற்றுக்கொள்வான். அடுத்த முறை அச்சொல் நம் நாவில் எழும்போது, அப்போயின் முகம் நினைவுக்கு வருமாயின், படம் எடுத்த பயன் நிறைவேறியதாகும்.